கடன் எழுதிய களிமண்ணும் பிளந்த குச்சியும்

பணத்தின் கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் பண்டமாற்றில் தொடங்குவார்கள். ஆட்டைக் கொடுத்துத் தானியம் வாங்குவது சிரமமாக இருந்ததால் நாணயம் வந்தது, நாணயம் கனத்ததால் நோட்டு வந்தது, எல்லாம் வந்த பிறகு கடன் வந்தது என்று வரிசை போடுவார்கள். கிடைத்திருக்கும் தடயங்கள் இந்த வரிசைக்கு ஒத்துவரவில்லை. இன்றைய துருக்கியின் மேற்கில் இருந்த லிடியாவில் முதல் நாணயங்கள் அடிக்கப்பட்டது பொ.ஆ.மு. 7ஆம் நூற்றாண்டில். அதற்கு ஏறத்தாழ 1,700 ஆண்டுகளுக்கு முன்பே மெசொபொத்தாமியாவில், அதாவது இன்றைய ஈராக் பகுதியில், கடனும் வட்டியும் எழுத்தில் பதிவாகிவிட்டன. கூட்டு வட்டிகூட வந்துவிட்டது. நாணயம் இல்லாமலே கடன் நன்றாக நடந்திருக்கிறது.

கடனுக்குக் கட்டாயம் வேண்டியது ஒரு பதிவு. கொடுத்தவரும் வாங்கியவரும் ஒப்புக்கொண்ட ஒரு கணக்கு. பிரச்சினை எப்போதும் ஒன்றுதான்: அந்தக் கணக்கை ஒரு தரப்பு மட்டும் தனியாகத் திருத்திவிட முடியுமா? பணத்தின் வரலாற்றை நான் படிப்பது இந்தக் கேள்வியை வைத்துத்தான். களிமண் பலகை, நாணயம், பிளந்த குச்சி, நோட்டு, பேரேடு எல்லாம் இதற்குக் கண்டுபிடிக்கப்பட்ட விடைகள். அவை தோற்ற இடங்களைப் பார்த்தால், பெரும்பாலும் அங்கே யாரோ ஒருவர் மட்டும் திருத்தும் வசதி பெற்றிருப்பார்.

முதலில் களிமண். மெசொபொத்தாமியாவின் பழைய பாபிலோனியக் காலத்துக் கடன் பலகை உள்ளங்கையில் அடங்கும். அதில் எழுதப்படுபவை: எவ்வளவு வெள்ளி அல்லது வாற்கோதுமை, என்ன வட்டி, யாரிடமிருந்து, யார் பெற்றார், எப்போது திருப்ப வேண்டும், சாட்சிகள் யார், என்ன நாள். தவணை பெரும்பாலும் அறுவடைக் காலம். ஆண்டுக்கு எண் கிடையாது. அரசன் கோயில் கட்டியது, கால்வாய் வெட்டியது, ஒரு நகரை வென்றது என அவன் செய்த காரியமே ஆண்டின் பெயராக எழுதப்படும்.

பலகை முழுவதும் உலர்வதற்குள் அதன் மேல் மெல்லிய களிமண் உறை ஒன்றைப் போர்த்துவார்கள். உள்ளே எழுதிய வாசகத்தை உறையின் மேலும் எழுதுவார்கள். கடன் வாங்கியவரும் சாட்சிகளும் தங்கள் உருளை முத்திரைகளை உறைமேல் உருட்டுவார்கள். பொறுப்பை ஏற்றவரின் முத்திரை விழுவதுதான் இதில் முக்கியம். பலகை கடன் கொடுத்தவரிடம் இருக்கும். அவர் உறையில் தொகையைத் திருத்தினாலும் உள்ளே பழைய எண் அப்படியே இருக்கும். வழக்கு வந்தால் நடுவர் முன்னால் உறையை உடைத்து உள்ளே பார்ப்பார்கள். உறையை உடைத்து உள்பலகையையும் திருத்திவிட்டுப் புது உறை போட்டால்? களிமண் உலரும்போது சுருங்கும். ஏற்கெனவே உலர்ந்து சுருங்கிவிட்ட பலகைமேல் ஈர உறை போட்டால், உறை மட்டும் சுருங்கி வெடித்துவிடும். பலகையும் உறையும் சேர்ந்தே உலர்ந்தால்தான் இரண்டும் பொருந்தும். அந்த மண்ணே பூட்டு. எத்தனை எளிமையான பொருளில் எத்தனை ஆழமான சிந்தனை என்று ஒவ்வொரு முறையும் வியக்கிறேன்.

கடன் அடைந்ததும் பலகையை உடைப்பார்கள். பலகையை உடைத்தல் என்ற சொற்றொடரே கடன் தீர்ந்ததைக் குறிக்கும் சட்ட வழக்கு. பலகை காணாமல் போயிருந்தால் வேறொரு பலகை எழுதப்படும்: பழைய பலகை பின்னால் எங்கே அகப்பட்டாலும் அது செல்லாது, உடைக்கப்பட வேண்டும் என்று. இந்த வாசகத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அங்கே கணக்கு எடையில் ஓடியது. 180 மணி (வாற்கோதுமை மணியளவு எடை) 1 சேக்கல், 60 சேக்கல் 1 மினா, 60 மினா 1 தாலந்து. சேக்கல் ஏறத்தாழ 8.3 கிராம், மினா அரைக் கிலோ, தாலந்து 30 கிலோ. தானியத்துக்குச் சிலா என்ற முகத்தல் அளவை, ஏறக்குறைய ஒரு லிட்டர். 300 சிலா 1 குர். ஊர் என்ற சுமேரிய நகரின் மூன்றாம் வம்சக் காலக் கணக்குகளில் ஒரு குர் வாற்கோதுமைக்கு ஒரு சேக்கல் வெள்ளி என்று சமன் வைத்தார்கள். எண்பதையும் நூறையும் மூன்றாலோ ஆறாலோ மீதமின்றி வகுக்க முடியாது, அறுபதை முடியும். மாதத்துக்கு 30 நாள், ஆண்டுக்கு 12 மாதம் என்ற கணக்கோடும் பொருந்தும். கணக்கனின் வசதிக்காகவே அமைந்த முறை.

வட்டி விகிதமும் இந்த அளவைகளிலிருந்து நேராகப் பிறக்கிறது. மினாவுக்கு மாதம் ஒரு சேக்கல் என்றால் அறுபதுக்கு ஒன்று. ஆண்டுக்கு அறுபதுக்குப் பன்னிரண்டு, அதாவது 20 சதவீதம். பொ.ஆ.மு. 18ஆம் நூற்றாண்டில் பாபிலோனை ஆண்ட ஹம்முராபியின் சட்டத்தில் வெள்ளிக் கடனுக்கு உச்சவரம்பு இதுதான். அங்கே அது எழுதப்பட்டிருக்கும் விதம்: ஒரு சேக்கலுக்கு ஆறில் ஒரு சேக்கலும் 6 மணியும். கூட்டிப் பாருங்கள், 30 மணியும் 6 மணியும் 36 மணி. 180இல் ஐந்தில் ஒன்று. தானியக் கடனுக்குக் குர் ஒன்றுக்கு 100 சிலா, அதாவது மூன்றில் ஒன்று. இதற்கு மேல் வாங்கினால் கொடுத்த முதலையே இழக்க வேண்டும். கடன் கொடுக்கும்போது சின்ன எடைக்கல், திரும்ப வாங்கும்போது பெரிய எடைக்கல் பயன்படுத்துபவருக்கும் அதே தண்டனை.

தானியத்துக்கு ஏன் கூடுதல் வட்டி? அறுவடைக்கு முன் தானியம் அரிது, விலை அதிகம். அறுவடை முடிந்த கையோடு களத்தில் குவிந்து கிடக்கும், விலை குறையும். விலை ஏறியிருக்கும்போது கொடுத்து, இறங்கியிருக்கும்போது அதே அளவை வாங்கினால் கொடுத்தவருக்கு நட்டம். அந்த இடைவெளியை ஈடுகட்டவே மூன்றில் ஒன்று என்று விளக்கலாம். ஆனால் வாங்கியவர் பக்கம் நின்று பார்த்தால் வேறு கணக்கு. அறுவடைக்கு நான்கு மாதம் முன்பு 300 சிலா வாங்கி, களத்தில் 400 சிலா அளந்தால் நான்கு மாதத்துக்கு 33 சதவீதம். ஆண்டுக்கணக்கில் நூறு சதவீதம். விதையும் வயிற்றுப்பாடும் சேர்ந்த கடன் என்பதால் தள்ளிப்போடவும் முடியாது. அதனால்தான் அதே சட்டத்தில் ஒரு விதிவிலக்கு வைத்தார்கள்: வெள்ளம் வயலை அடித்துச் சென்றாலோ, தண்ணீரில்லாமல் பயிர் பொய்த்தாலோ, அந்த ஆண்டு தானியம் திருப்ப வேண்டாம், அந்த ஆண்டு வட்டியும் கிடையாது, பலகையை நனைத்து மாற்றி எழுதலாம்.

சுமேரிய மொழியில் வட்டிக்கு 'மாஷ்' என்று பெயர். ஆட்டுக்குட்டிக்கும் அதே சொல். கிரேக்கத்தில் 'தோகோஸ்' என்றால் வட்டி, பெற்ற பிள்ளை என்றும் பொருள். வட்டி குட்டி போடும் என்று தமிழில் நாம் சொல்வதும் அதே பார்வைதான். ஆனால் ஆடு குட்டி போட்டால் மேய்ச்சல் வேண்டும், தண்ணீர் வேண்டும், ஓர் எல்லையில் மந்தை பெருகுவது நின்றுவிடும். வெள்ளிக்கு மேய்ச்சல் தேவையில்லை. எழுத்தில் அது பெருகிக்கொண்டே போகும்.

இதை அந்தக் காலப் பள்ளிப் பிள்ளைகளே கணக்குப் போட்டுப் பார்த்திருக்கிறார்கள். பாரிஸின் லூவ்ர் அருங்காட்சியகத்தில் இருக்கும் ஒரு பழைய பாபிலோனியப் பலகை கேட்கிறது: ஆண்டுக்கு 20 சதவீதக் கூட்டு வட்டியில் முதல் எப்போது இரண்டு மடங்காகும்? வழி இப்படி. முதல் 1 என்றால், மூன்று ஆண்டு முடிவில் 1.728, நான்காண்டு முடிவில் 2.0736. ஆக விடை நான்காம் ஆண்டுக்குள் இருக்கிறது. நான்காம் ஆண்டில் ஏறியது 0.3456, அதில் இரண்டுக்கு மேல் மிஞ்சியது 0.0736. மிஞ்சியதை ஏறியதால் வகுத்தால் 0.213 ஆண்டு, அதாவது சுமார் 2.56 மாதம். நான்காண்டில் அதைக் கழித்தால் 3.787 ஆண்டு. இன்றைய மடக்கைக் கணக்கில் வருவது 3.802. வித்தியாசம் ஐந்தாறு நாள்தான். வட்டி விகிதத்தால் 72ஐ வகுக்கும் இன்றைய குறுக்குவழியைப் பயன்படுத்தினால் 3.6 ஆண்டு வரும். விகிதம் கூடக்கூட அந்தக் குறுக்குவழி பிசகும். களிமண் கணக்கே அதைவிடத் துல்லியம்.

கூட்டு வட்டியின் பிசாசுத்தனம் அரசியலிலும் பதிவாகியிருக்கிறது. பொ.ஆ.மு. 2400ஐ ஒட்டி லகாஷ் நகரை ஆண்ட என்மெதேனாவின் களிமண் கூம்பில், பக்கத்து உம்மா நகரம் தரவேண்டிய வாற்கோதுமை வட்டிமேல் வட்டி ஏறி, எந்த வயலும் விளைத்துத் தர முடியாத தொகையாக நிற்கிறது. அடைக்க முடியாத அந்தக் கடன் போருக்கு நியாயமாகக் காட்டப்பட்டது. அதே என்மெதேனாதான் தன் நகரில் கடனுக்காகப் பிடிபட்டவர்களை விடுவித்து, பிள்ளையைத் தாயிடம் திரும்ப அனுப்பியதாகவும் எழுதிவைத்தான். அந்த விடுதலைக்குச் சுமேரியச் சொல் 'அமர்கி'. தாயிடம் திரும்புதல் என்பது அதன் நேர்ப்பொருள். மனிதர் எழுதி வைத்த விடுதலை என்ற சொற்களில் மிகப் பழையவற்றுள் ஒன்று, கடனிலிருந்து மீள்வதைக் குறிக்கிறது. பணத்தைப் பற்றிப் பேசும் யாரும் இதை மறக்கக் கூடாது என்று நினைக்கிறேன்.

கடன் தள்ளுபடி இரக்கத்தால் மட்டும் நடந்ததில்லை. கடன் அடைக்க முடியாதவன் மனைவி மக்களை வேலைக்கு ஈடாகக் கொடுப்பான். பிறகு நிலம் போகும். கடைசியில் அவனே கொத்தடிமை. கொத்தடிமையானவனிடம் அரசனுக்கு வரி கிடையாது, படைக்கு ஆள் கிடையாது. ஹம்முராபி சட்டம் ஈடாகக் கொடுக்கப்பட்ட மனைவி மக்களின் வேலையை மூன்றாண்டோடு நிறுத்தி, நான்காம் ஆண்டில் விடுவிக்கச் சொன்னது. பொ.ஆ.மு. 17ஆம் நூற்றாண்டில் பாபிலோன் அரசன் அம்மிசதூகா வெளியிட்ட ஆணை இன்னும் நுட்பமானது. உழவர்களின் தானிய, வெள்ளிக் கடன்கள் ரத்து. வணிகக் கூட்டு முதலீடும் வணிகக் கடனும் ரத்து இல்லை. இந்தப் பிரிவினை வந்ததும் குறுக்குவழி தேடுபவர்களும் வந்திருக்க வேண்டும். வட்டிக் கடனை விற்பனை முன்பணம் என்றோ, வைப்புத் தொகை என்றோ பொய்யாக எழுதிவைப்பவர்களுக்காக ஆணையிலேயே தனிப் பிரிவு இருக்கிறது: சாட்சி வைத்து நிரூபித்தால் பலகை உடைக்கப்படும். ஏதென்ஸில் சோலன் பொ.ஆ.மு. 594இல் செய்த கடன் தள்ளுபடியும், ரோமில் கடனுக்காக உடலை ஈடு வைப்பதைப் பொ.ஆ.மு. 326இல் ஒழித்ததும் இதே வழியில் வந்தவை.

நாணயத்துக்கு வருவோம். லிடியாவின் முதல் நாணயங்கள் எலெக்ட்ரம் என்ற தங்கமும் வெள்ளியும் கலந்த உலோகத்தில் அடிக்கப்பட்டன. கலவை எவ்வளவு என்று கண்ணால் சொல்ல முடியாது. அரசன் குரோசஸ் காலத்தில், பொ.ஆ.மு. 6ஆம் நூற்றாண்டின் நடுவில், தனித் தங்கமும் தனி வெள்ளியும் வந்தன. சார்டிஸ் நகரில் அகழ்ந்தெடுத்த உலைகள் வழியைக் காட்டுகின்றன: கலப்பு உலோகத்தை மெல்லிய தகடாக்கி, உப்போடு மண்பானையில் அடுக்கி, உருகாத சூட்டில் நெடுநேரம் வைத்தால் வெள்ளி உப்போடு வினைபுரிந்து வெளியேறும், தங்கம் தகட்டிலேயே நிற்கும்.

தமிழில் நாணயம் என்றால் காசு, நேர்மையும் நாணயம்தான். இரண்டும் ஒன்றாக இருக்கவேண்டிய பொருள் அது. எடைபோட்டு, உரசிப் பார்த்து வாங்கவேண்டிய வெள்ளித் துண்டின்மேல் அரசன் முத்திரை குத்தி, 'எண்ணி வாங்கினால் போதும், நான் பொறுப்பு' என்று சொல்வது. ஆனால் கடன் வாங்குவதில் அரசனே முதலாள். முத்திரையும் அவன் கையில். களிமண் உறையில் இல்லாத ஓட்டை இங்கே திறந்துவிட்டது.

ரோமின் வெள்ளிக்காசான தெனாரியஸ் இதற்குப் பாடம். ஒரு ரோமப் பவுண்டு வெள்ளியில் 84 காசு அடித்தது பழைய முறை. பேரரசன் நீரோ பொ.ஆ. 64இல் 96 ஆக்கினான். காசு சுமார் 3.9 கிராமிலிருந்து 3.4க்கு இறங்கியது, கூடவே செம்பும் சேர்ந்தது. பேரரசன் செவெரஸ் காலத்தில், 2ஆம் நூற்றாண்டின் இறுதியில், வெள்ளி ஏறக்குறைய பாதியானது. 215இல் அவன் மகன் கரகல்லா ஒரு புதுக் காசு அடித்தான்: மதிப்பு இரண்டு தெனாரியஸ், உள்ளேயிருக்கும் வெள்ளியோ ஒன்றரைக்குத்தான். 270 வாக்கில் அந்தக் காசில் வெள்ளி 5 சதவீதத்துக்கும் கீழே.

பார்த்தால் தெரியாதா? தெரியாமல் செய்யும் வழி இருந்தது. வெள்ளியும் செம்பும் கலந்த வில்லையைச் சூடாக்கினால் மேற்பரப்பிலுள்ள செம்பு மட்டும் கருத்து ஆக்சைடாகும். அதைப் புளிப்பான அமிலக் கரைசலில் இட்டால் கருப்பு கரைந்துபோகும். மேலே வெள்ளி மிகுந்த, நுண்துளை நிறைந்த தோல் நிற்கும். அச்சுக் குத்தும்போது அந்தத் தோல் அழுந்தி மின்னும். புதிதில் பளபளக்கும், சில ஆண்டு கைமாறியதும் தேய்ந்து செம்பு முகம் காட்டும். அடர்த்தியை அளந்து பிடிக்கலாமே என்றால் அதுவும் சிரமம். தூய வெள்ளியின் அடர்த்தி 10.5, செம்பு 9. எடையில் பாதிக்குப் பாதி கலந்தால் சுமார் 9.7. 3.4 கிராம் காசில் இரண்டுக்கும் கன அளவு வித்தியாசம் 0.03 மில்லிலிட்டர்கூட இல்லை. அரைச் சொட்டுத் தண்ணீர். தங்கத்தின் அடர்த்தி 19.3 என்பதால் அதில் கலப்படம் சட்டென்று மாட்டும். உரைகல்லிலும் மாற்றுத் தெளிவாகத் தெரியும். சிறு வெள்ளிக்காசைத்தான் எளிதில் ஏமாற்ற முடிந்தது.

குடிமக்களும் சும்மா இருக்கவில்லை. விளிம்பைச் சுரண்டினார்கள். 1690களில் இங்கிலாந்தில் புழங்கிய பழைய வெள்ளிக்காசுகள் பாதி எடைக்குப் பக்கத்தில் வந்துவிட்டன. 1662 முதல் எந்திரத்தில் அடித்த காசுகளுக்கு விளிம்பில் வரியோ எழுத்தோ பொறித்தார்கள்; பெரிய காசுகளில் 'அலங்காரமும் பாதுகாப்பும்' என்று லத்தீனில் இருக்கும். விளிம்பைத் தொட்டால் எழுத்துப் போய்விடும். நல்ல யோசனைதான். ஆனால் தேய்ந்த காசும் முழுக்காசும் ஒரே மதிப்பில் செல்லும் என்று சட்டம் இருக்கும்வரை, யார் முழுக்காசைக் கொண்டு கடன் அடைப்பார்கள்? நல்ல காசு உருகிப் போனது அல்லது கடல் கடந்தது. 1696இல் பழைய காசு முழுவதையும் திரும்பப் பெற்று மறுபடி அடிக்க வேண்டியிருந்தது. அந்த ஆண்டுதான் ஐசக் நியூட்டன் நாணயச் சாலைப் பொறுப்புக்கு வந்தார்.

அதே இங்கிலாந்தில், நாணயத்தைவிட நேர்மையான ஒரு கருவி பல நூற்றாண்டு புழங்கியது: பிளந்த குச்சி. எனக்கு மிகப் பிடித்த பணம் இதுதான். அரசுக் கருவூலத்தின் 12ஆம் நூற்றாண்டுக் கையேடு செய்முறையைச் சொல்கிறது. நேரான மரக்குச்சி, பெரும்பாலும் ஹேசல் மரம். தொகைக்கு ஏற்பக் குறுக்கே வெட்டுகள். 1,000 பவுண்டுக்கு உள்ளங்கைத் தடிமன். 100 பவுண்டுக்குக் கட்டைவிரல் அகலம். 20 பவுண்டுக்குச் சுண்டுவிரல் அகலம். 1 பவுண்டுக்கு முற்றிய வாற்கோதுமை மணியளவு. ஷில்லிங்குக்கு அதைவிடச் சிறிது. பென்னிக்கு மரம் துளியும் எடுக்காமல் கத்தியால் ஒரு கீறல். யார், எதற்காக என்று பக்கவாட்டில் மையால் எழுதினார்கள். பிறகு ஒரு முனைக்கு அருகே பாதி ஆழம் அறுத்து, அங்கிருந்து குச்சியை நீளவாக்கில் பிளந்தார்கள். வெட்டுகள் இரண்டு துண்டிலும் விழும். பிடியோடு சேர்ந்த நீளமான துண்டு 'ஸ்டாக்'. அது பணம் கொடுத்தவருக்கு. குட்டையான துண்டு 'ஃபாயில்', அது பெற்றவரிடம்.

மோசடிக்கு இடம் எங்கே? கொடுத்தவர் தன் துண்டில் ஒரு வெட்டைக் கூட்டினால், மற்றதில் அது இராது. பெற்றவர் தன் துண்டில் வெட்டைச் செதுக்கி அழித்தால் அந்த இடம் மெலிந்து, சேர்க்கும்போது இடைவெளி தெரியும். முழுத் துண்டையே போலியாகச் செய்தால் மரத்தின் நார் ஓட்டம் பொருந்தாது; இயற்கையாகப் பிளந்த இரண்டு முகங்கள் அவற்றுக்கு மட்டுமே பொருந்தும். எழுத்தறிவில்லாதவரும் விரலால் தடவிச் சரிபார்க்கலாம். அரசனிடமிருந்து வரவேண்டிய தொகைக்கான ஸ்டாக்கை வைத்திருந்தவர், காத்திருக்க விரும்பாவிட்டால் கழிவு கொடுத்து இன்னொருவருக்கு விற்றார். குச்சி பணமாகவே கைமாறியது. பங்குச்சந்தையில் இன்றும் ஒலிக்கும் ஸ்டாக் என்ற சொல்லை இந்தக் குச்சியோடு சேர்த்துச் சொல்பவர்கள் உண்டு. 1782இல் குச்சியை ஒழிக்கச் சட்டம் வந்தது. நடைமுறைக்கு வர 1826 ஆனது. தேங்கிக் கிடந்த பழைய குச்சிகளை 1834 அக்டோபர் 16 அன்று பிரபுக்கள் அவையின் அடித்தள அடுப்புகளில் எரித்தார்கள். காய்ந்த மரம், அளவுக்கு மீறிய சூடு, புகைபோக்கி தாங்கவில்லை. நாடாளுமன்றக் கட்டடமே எரிந்துபோனது.

குச்சி தோற்றது மோசடியால் அல்ல, தூரத்தால். வெனிஸில் கொடுத்து லண்டனில் வாங்க வேண்டுமென்றால் குச்சி உதவாது. அதற்கு இத்தாலிய வணிகர்கள் மாற்றுச்சீட்டை வளர்த்தார்கள். திருச்சபை வட்டியைத் தடை செய்திருந்ததால், வட்டியை நாணய மாற்று விகிதத்துக்குள் வைத்தார்கள். எடுத்துக்காட்டாக, வெனிஸில் டக்கட் என்ற தங்கக் காசு ஒன்றுக்கு 47 பென்ஸ் விகிதத்தில் 100 டக்கட் கொடுத்தால், மூன்று மாதத்தில் லண்டனில் 4,700 பென்ஸ் கைக்கு வரும். லண்டனில் டக்கட் 44 பென்ஸ் என்றால், அங்கிருந்து எதிர்ச்சீட்டு எழுதி, இன்னொரு மூன்று மாதத்தில் வெனிஸில் 106.8 டக்கட். ஆறு மாதத்தில் 6.8 சதவீதம், சீட்டில் வட்டி என்ற சொல்லே இராது. விகிதம் இடையில் புரண்டால் நட்டம் என்பதால், இது ஆபத்தைத் தாங்கிய லாபம் என்று வாதாட முடிந்தது.

காகிதப் பணம் சீனாவின் சிச்சுவானில் பிறந்ததற்கும் எடைதான் காரணம். அங்கே இரும்புக் காசு புழங்கியது. பெரிய வாங்கல் விற்றலுக்கு வண்டி வேண்டும். செங்டு வணிகர்கள் காசைப் பெற்றுக்கொண்டு சீட்டு எழுதிக் கொடுத்தார்கள். சில கடைகளால் சீட்டுக்குக் காசு தர முடியாமல் போகவே, 1023இல் அரசு அந்த வேலையை எடுத்துக்கொண்டது. முதல் வெளியீடு 12,56,340 சரம் (கயிற்றில் கோத்த காசு). இருப்பில் வைத்த இரும்புக் காசு 3,60,000 சரம். அதாவது ஏறத்தாழ 29 சதவீதம். சீட்டுக்குத் தவணை உண்டு. அதற்குள் கழிவு கொடுத்துப் புதுச்சீட்டு வாங்க வேண்டும். கட்டுப்பாட்டோடு இருந்தவரை நன்றாக ஓடியது. எல்லைப் போர்ச் செலவு வந்ததும் பழையது தீருமுன் புதியது அச்சானது, இருப்பு கூடவில்லை, மதிப்பு சரிந்தது. கணக்கைத் திருத்தும் கை மறுபடியும் ஒருவருடையது.

ஐரோப்பாவின் முதல் வங்கி நோட்டு 1661இல் ஸ்டாக்ஹோமில். அங்கே செம்புத் தகடே பணம். 1644இல் வந்த 10 டாலர் (அன்றைய ஸ்வீடன் நாணய அலகு) தகட்டின் எடை 19.7 கிலோ. பால்ம்ஸ்ட்ரூக் என்பவர் நடத்திய வங்கி, வைப்பாக வந்த தகடுகளை நீண்டகாலக் கடனாகக் கொடுத்திருந்தது. 1660இல் அரசு எடை குறைந்த தகடு அடித்ததும், பழைய தகடு உலோகமாகவே கூடுதல் மதிப்புப் பெற்றது. வைத்தவர்கள் எல்லாரும் ஒரே நேரத்தில் திரும்பக் கேட்டார்கள். கொடுக்கத் தகடு இல்லை, நோட்டு கொடுத்தார். நோட்டு எல்லாருக்கும் பிடித்துப் போனது, அதுவே ஆபத்தானது. சில ஆண்டுக்குள் வங்கி சாய்ந்தது. கேட்டதும் தரவேண்டிய பணத்தை நாள்பட்ட கடனாகக் கொடுப்பதுதான் நோய்; இன்றுவரை வங்கிகள் விழுவது பெரும்பாலும் இதே நோயில்தான்.

பேரேட்டுக்கு வந்தால், ஜெனோவா நகராட்சியின் 1340ஆம் ஆண்டுக் கணக்குகளில் இரட்டைப் பதிவு முழு வடிவில் இருக்கிறது. 1494இல் கணித அறிஞர் பச்சோலி அதை வெனிஸில் அச்சிட்டுப் பரப்பினார். ஒவ்வொரு நடவடிக்கையும் ஓரிடத்தில் பற்று, ஓரிடத்தில் வரவு. பிளந்த குச்சியின் இரண்டு துண்டையும் ஒரே புத்தகத்தில் வைத்தது போல. இரண்டு பக்கமும் சமமாகாவிட்டால் வித்தியாசத்தை 9ஆல் வகுத்துப் பாருங்கள். மீதமின்றி வகுபட்டால், 54ஐ 45 என எண்களை இடம் மாற்றி எழுதியிருக்க வாய்ப்பு அதிகம். ஆனால் சமமாவது நேர்மைக்குச் சான்றில்லை. எழுதாமலே விட்ட நடவடிக்கை, தவறான கணக்கில் ஏற்றிய தொகை இரண்டையும், இரு பக்கத்தையும் ஒப்பிடும் இருப்பாய்வு காட்டிக்கொடுக்காது.

1694இல் இங்கிலாந்து வங்கி தோன்றியபோது அரசுக்குக் கொடுத்த கடன் 12 லட்சம் பவுண்டு, 8 சதவீத வட்டி, நிர்வாகத்துக்கு 4,000 பவுண்டு. ஆக ஆண்டுக்கு ஒரு லட்சம். அதற்கு 22 ஆண்டு முன்புதான் அரசன் இரண்டாம் சார்லஸ் கருவூலத்தை மூடிக் கடன் கொடுத்தவர்களைக் கைவிட்டிருந்தான். இப்போது என்ன மாறியது? வட்டிக்கென்று குறிப்பிட்ட வரிகளை நாடாளுமன்றம் சட்டமாக ஒதுக்கியது. அரசன் தனியாகத் திருத்த முடியாத பதிவாக அரசுக் கடன் மாறியது. அந்தக் கடன் சீட்டின்மேல் வங்கி வெளியிட்ட நோட்டு பணமாயிற்று.

இன்றைய பணமும் பெரும்பகுதி இப்படிப் பிறப்பதுதான். வங்கி 100 கடன் கொடுக்கும்போது, தன் சொத்துப் பக்கம் கடன் 100 என்றும், பொறுப்புப் பக்கம் வாடிக்கையாளரின் வைப்பு 100 என்றும் எழுதுகிறது. வேறொருவர் பணத்தை எடுத்து இங்கே போடுவதில்லை. வைப்பு அந்த நொடியில் உருவாகிறது. 2014இல் இங்கிலாந்து வங்கியே தன் காலாண்டிதழில் இதைத் தெளிவாக விளக்கியது. முதல் மட்டும் உருவாகிறது, வட்டிக்கான பணம் உருவாவதில்லை, எனவே எல்லாரும் கடன் அடைப்பது முடியாத காரியம் என்று சிலர் வாதிடுவதுண்டு. அது பிழை. வங்கி பெற்ற வட்டி சம்பளமாகவும் பங்காதாயமாகவும் வெளியே வருகிறது. அதே பணம் அடுத்த தவணைக்கு மறுபடி திரும்புகிறது. அந்தச் சுற்று எங்காவது தேங்கினால்தான் சிக்கல்.

தவணைக் கடனில் ஒன்றைக் கவனியுங்கள். ஒரு லட்சம், ஆண்டுக்கு 9 சதவீதம், 20 ஆண்டு என்றால் மாதத் தவணை சுமார் 900. முதல் மாதம் அதில் 750 வட்டிக்கே போகும். அசலில் கழிவது 150. தவணையில் அசலின் பங்கு வட்டியை மிஞ்சுவது 149ஆம் மாதத்தில், அதாவது பன்னிரண்டு ஆண்டுக்கு மேல் கட்டிய பிறகு. மொத்தம் கட்டுவது 2,15,900க்கு மேல். எனவே அசலுக்கென்று கூடுதலாகக் கட்டுவதாக இருந்தால் தொடக்க ஆண்டுகளில் கட்டுவதுதான் வட்டியை அதிகம் குறைக்கும்.

கடைசித் தவணை ஏறியதும் வங்கிப் பேரேட்டில் கடனும் மறையும், அதை அடைத்த வைப்பும் மறையும், பலகை உடைந்துவிட்டது. ஆனால் கையெழுத்திட்ட கடன் பத்திரமும் அடமான ஆவணமும் கொடுத்தவர் கையிலேயே இருக்கும். கணக்கு முடிந்ததாக எழுத்தில் வாங்குங்கள், மூலப் பத்திரத்தை ரத்துக் குறிப்போடு திரும்பப் பெறுங்கள், சொத்தின்மேல் பதிந்த பொறுப்பை நீக்கச் சொல்லுங்கள். பத்திரம் தொலைந்துவிட்டது என்றால், அது பின்னால் எங்கே அகப்பட்டாலும் செல்லாது என்று கையெழுத்து வாங்குங்கள். பாபிலோனியக் கணக்கன் எழுதிய அதே வாசகம்தான்.